ஓலைக்குடில் தகைமை

எனக்கு முதலில் அநியாயம் செய்தவர் தில்லையம்பலம். மற்றவர்கள் பிறகு வந்து சேர்ந்துகொண்டவர்கள். அவர்களுடைய பெயர்களை அந்தந்த இடத்தில் சொல்கிறேன்.

தில்லையம்பலம் இலந்தையடி மக்கள் ஒன்றியத்தின் தலைவர். இலந்தையடி யாழ்ப்பாணத்தில் இருக்கிறது. ஒன்றியம் லண்டன் தோர்ண்டன் ஹீத்தில், ஒரு பலசரக்குக் கடையின் மேல்மாடியில் இருக்கிறது. இப்போது இலந்தையடியில் குடியிருப்பவர்களைவிட ஒன்றியத்தின் நிர்வாக சபையில் இருப்பவர்கள் அதிகம். ஒருமுறை பொதுக்கூட்டத்தில் யாரோ தலைவர் பதவிக்கு என் பெயரைச் சொல்லிவிட்டார்கள். தில்லையம்பலம் மைக்கைத் தட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

“மேர்வின் நல்ல மனுசன். நான் இல்லையெண்டு சொல்லேல்லை. ஆனால் ஓலைக்குடிலுக்கை பிறந்து, அஞ்சாம் வகுப்போடை நிண்ட ஒருத்தர் தலைவரெண்டு மேடையிலை இருந்தால், மற்ற ஊர்ச் சங்கங்கள் எங்களைப் பற்றி என்ன நினைக்கும்?”

எல்லோரும் கை தட்டினார்கள். என் மனைவி மேரிசாந்தியும் தட்டினாள். “மைக்கிலை உங்கடை பேர் வந்தது, அதுதான் தட்டினனான்” என்றாள் வீட்டுக்கு வரும் வழியில், பஸ்ஸில்.

அதோடு நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருப்பேன். ஆனால் தில்லையம்பலம் நியூஜெர்சியில் இருக்கும் மகளிடம் போய் நின்றுவிட்டு, தலையணை அளவில் ஒரு புத்தகத்தோடு திரும்பி வந்தார். அமெரிக்க ஜனாதிபதிகள் எல்லோருடைய வாழ்க்கையும் உத்தியோகமும் அதில் இருந்தன. அதில் அவர் கண்டுபிடித்த முதல் விஷயம், அவர்களுக்கும் ஆங்கிலத்தில் பிரசிடென்ட் என்றுதான் பெயர்.

“எங்கடை லெற்றர்ஹெட்டிலையும் பிரசிடென்ட் எண்டுதான் கிடக்கு. அங்கையும் பிரசிடென்ட். அப்ப ரெண்டும் ஒரே வேலைதானே?”

சபையில் இரண்டு எஞ்சினியர்கள் இருந்தார்கள், ஒரு டொக்டர் இருந்தார். யாராலும் மறுத்துப் பேச முடியவில்லை.

அன்றிலிருந்து தில்லையம்பலத்தின் மனைவி முதற் பெண்மணி ஆனார். சிறுவர் விளையாட்டுப் போட்டியில் சாக்கு ஓட்டம் வைக்கச் சபை ஏகமனதாகத் தீர்மானித்தது. தலைவர் தமது தடை அதிகாரத்தைப் பிரயோகித்து அதை நிறுத்தினார். ஏன் என்று கேட்டதற்கு, “அதிகாரம் இருக்கெண்டால் ஒருக்கா எண்டாலும் பாவிக்க வேணும்” என்றார். அமெரிக்க வழக்கப்படி ஒரு வான்கோழிக்குப் பொதுமன்னிப்பும் வழங்கினார். அது கடையின் குளிர்பெட்டியில் உறைந்து கிடந்த வான்கோழி. மன்னிப்பை அது அமைதியாக ஏற்றுக்கொண்டதாகக் கூட்ட அறிக்கையில் பதிவாகியது. பின்னேரம் மேரிசாந்தி அதைப் பிரட்டல் வைத்தாள். நல்லாயிருந்தது.

பிறகு வந்தது வினை. அமெரிக்காவில் ஒருவர் இரண்டு தவணைக்கு மேல் ஜனாதிபதியாகத் தெரிவாக முடியாது. தில்லையம்பலம் எத்தனை தவணை இருந்தார் என்பது அவருக்கே ஞாபகம் இல்லை. புத்தகத்தில் போட்டிருந்தபடியால் கண்ணீரோடு விலகச் சம்மதித்தார். அடுத்த தலைவரையும் புத்தகத்தின்படியே தெரிவு செய்வது என்று முடிவாயிற்று.

செயலாளர் சந்திரவதனா கவுன்சில் அலுவலகம் ஒன்றில் வேலை செய்பவள். எதையும் விதியாக எழுதி வைக்காவிட்டால் அவளுக்குச் சோறு இறங்காது. அவள் எழுதிய விதி இது: “தலைமைப் பதவிக்கு முன்வருவோர், மாண்புமிகு லிங்கன் முதலிய ஜனாதிபதிகளின் வாழ்க்கைக்கு அமைவாக, குடிலில் பிறந்தவராகவும் போதிய பள்ளிப்படிப்பு அற்றவராகவும் இருத்தல் வேண்டும்.”

வாசித்துக் கேட்டபோது எனக்குப் புல்லரித்தது. வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு பதவிக்கு வேண்டிய எல்லாத் தகைமையும் என்னிடம் இருந்தது. மேரிசாந்தி என் கோட்டைச் சலவைக்குக் கொடுத்தாள்.

ஆனால் இலந்தையடிக்காரரைப் பற்றி உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். லண்டனுக்கு வந்த நாள் முதல் அவர்களிடம் இருந்தது ஒரே கதை: எங்கடை வீடு கல்வீடு. கலியாணப் பேச்சிலும் கல்வீடு, செத்தவீட்டிலும் கல்வீடு. ஈஸ்ட் ஹாம் நகைக்கடையில் விலை குறைக்கச் சொல்லும்போதும் கல்வீடு. விதி வெளியான கிழமையே அவ்வளவு கல்வீடும் இடிந்து விழுந்தது.

முதலில் இடிந்தது டொக்டர் கிறிஸ்துராஜாவுடையது.

“டொக்டர், உங்கடை வீடு மேல்மாடி வைச்ச வீடெல்லோ?” என்று கேட்டேன்.

“மாடி இருந்தது, அண்ணை. ஆனால் அம்மா மாட்டுக்கு வைக்கல் போடப் போன இடத்திலை நோ வந்திட்டுது. நான் கொட்டிலுக்கைதான் பிறந்தனான்.”

“வைக்கல் போட உங்களிட்டை வேலைக்காரர் இருந்தவையே!”

“அண்டைக்கு அவை லீவு.”

மாட்டுக்கொட்டிலில் பிறந்த இன்னொருவரை எனக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமைகளில் கும்பிடுகிறேன். அவர் இந்த மாதிரித் தேர்தல்களில் நிற்கவில்லை.

சயந்தினி ரீச்சர் தான் குப்பி விளக்கில் படித்ததாகச் சொன்னார். உங்கள் வீட்டில் கரண்ட் இருந்ததே என்றதற்கு, “இருந்தது, அப்பா போட விடேல்லை” என்றார். பள்ளிக்கூடத்துப் பின்மதிலை ஒட்டிய வீட்டுக்காரர் ஒருவர் தினமும் நெடுந்தூரம் நடந்து படித்தாராம். “மதிலைச் சுத்தித்தானே போக வேணும்?” என்றார்.

நேர்முகத் தெரிவுக்கு என்னைக் கூப்பிட்டார்கள். தில்லையம்பலம் நடுவில் இருந்தார், சந்திரவதனா பக்கத்தில் இருந்தாள்.

“மேர்வின் அண்ணை, நீங்கள் குடிலிலை பிறந்ததுக்கு என்ன அத்தாட்சி?” என்று அவள் தொடங்கினாள்.

“அத்தாட்சியோ? தில்லை அண்ணையே மைக்கிலை சொன்னவர். ஊரே கை தட்டினது.”

“அது நான் உம்மை அவமதிக்கச் சொன்னது” என்றார் தில்லையம்பலம். “அவமதிப்பு அத்தாட்சி ஆகாது.”

“அப்ப குடிலின்ரை போட்டோ இருக்கோ?” என்றாள் சந்திரவதனா. “டொக்டர் கொட்டிலின்ரை போட்டோ தந்திருக்கிறார். மாடும் நிக்குது.”

டொக்டரிடம் போட்டோ இருக்கத்தான் செய்யும். அந்தக் காலத்தில் இலந்தையடியில் கமரா வைத்திருந்தது அவர்கள் வீடு மட்டும்தான்.

“சரி, அஞ்சாம் வகுப்போடை நிண்டதுக்குச் சேர்ட்டிபிக்கட்?”

“படிக்காததுக்கு ஆர் பிள்ளை சேர்ட்டிபிக்கட் தாறது?”

“படிச்சிருந்தால் தந்திருப்பினம், அண்ணை. டொக்டரிட்டை எல்லாம் ஒழுங்கா இருக்கு.”

எனக்கு ஆத்திரம் வந்தது. கூட்டத்துக்குக் கூட்டம் தில்லையம்பலம் அந்தப் புத்தகத்தை வாசித்து வாசித்து எனக்கும் பாதி பாடமாகியிருந்தது. “அண்ட்ரூ ஜோன்சன் எண்டொரு ஜனாதிபதி. தையல்காரன். பள்ளிக்கூட வாசலையே மிதிக்காதவன். அவனிட்டை ஆர் சேர்ட்டிபிக்கட் கேட்டது?”

“அவர் உப ஜனாதிபதியா இருந்து வந்தவர். நீர் உபதலைவரா இருக்கேல்லையே.”

“ஆக்கினால்தானே இருப்பன்!”

“அதோடை அவரைப் பதவியாலை நீக்க வேணுமெண்டு வைச்சு விசாரிச்சவையும்” என்றார் தில்லையம்பலம். “அங்கை பதவிக்கு வந்த பிறகு விசாரிச்சவை. நாங்கள் முதலே விசாரிக்கிறம். நேரம் மிச்சம்.”

“டொக்டர் பொய் சொல்லுறார், அண்ணை. அவர் பிறந்தது மாளிகை மாதிரி வீடு.”

தில்லையம்பலம் பக்கத்தைப் புரட்டினார். “வில்லியம் ஹென்றி ஹாரிசன். பெரிய தோட்ட முதலாளியின்ரை மாளிகையிலை பிறந்தவர். குடில்காரன் எண்டு சொல்லித் தேர்தல்லை வெண்டவர். முன்மாதிரி இருக்கு.”

“அவர் குளிருக்கை கோட்டும் போடாமல் நெடுகப் பேசி, ஒரு மாதத்திலை செத்தும் போனவர்.”

“டொக்டர் கோட் போடுவார்.”

இதற்கிடையில் சந்திரவதனா தன் போனில் இலந்தையடியை மேலேயிருந்து பார்த்துக்கொண்டிருந்தாள். விரலால் பெரிதாக்கி என் முகத்துக்கு நேரே நீட்டினாள். இரண்டு மாடி, போர்ட்டிகோ, பச்சைக் கேற்.

“இது ஆரின்ரை வீடு, அண்ணை?”

“என்ரை. பெற்றோல் ஷெட்டிலை நைற் ஷிப்ட் செய்து, எலும்பு தேயக் கட்டினது. அந்தக் காணியிலைதான் குடில் இருந்தது.”

“அப்ப குடில் எங்கை?”

“பிடுங்கிப்போட்டுத்தானே வீட்டைக் கட்டினது!”

இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். தில்லையம்பலம் மெதுவாகக் கண்ணாடியைக் கழற்றினார்.

“ஒரு தலைவர் பிறந்த குடிலை இடிச்சிருக்கிறீர், மேர்வின். அமெரிக்காவிலை லிங்கன்ரை குடிலெண்டு ஒண்டை மண்டபம் கட்டி உள்ளுக்கை வைச்சிருக்கிறாங்கள். உம்மட்டை வரலாறு பற்றி ஒரு மதிப்பும் இல்லையே!”

இப்படியாக நான் போதிய ஏழ்மை இன்மையால் நிராகரிக்கப்பட்டேன்.

டொக்டர் தலைவரானார். பதவியேற்பு விழா ஒரு பாடசாலை மண்டபத்தில் நடந்தது. மேடையில் பிளாஸ்ரிக் ஓலையால் ஒரு குடில் போட்டிருந்தார்கள். டொக்டர் கோட் போட்டுக்கொண்டு குனிந்து அதற்குள்ளிருந்து வெளியே வந்தார். குனிந்து பழக்கமில்லாதபடியால் வாசல் நிலையில் தலையை இடித்துக்கொண்டார். சனம் கண் கலங்கியது.

விழா முடிந்ததும் அந்தக் குடிலுக்கு முன்னால் படம் எடுக்க வரிசை நின்றது. அடுத்த தேர்தலுக்கு அத்தாட்சி வேண்டுமே. இலந்தையடியில் அந்தக் காலத்தில் ஒரு கல்வீடும் இருந்ததில்லை என்று ஒன்றியத்தின் வரலாற்று மலரில் இப்போது அச்சாகிவிட்டது. லண்டன் குரோய்டன் ஆஸ்பத்திரியில் பிறந்த பிள்ளைகளையும் குடில் வாசலில் இருத்திப் படம் எடுத்தார்கள். இப்போது ஊரில் கல்வீட்டுக்காரன் என்று இருப்பது நான் ஒருவன்தான். போகிறவர்கள் வருகிறவர்கள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்கள். “உங்களைப் போல வசதியான ஆக்கள் எங்களை மாதிரி ஏழைகளுக்குக் கை குடுக்க வேணும்” என்று டொக்டர் என் தோளைத் தட்டினார்.

நானும் போய் வரிசையில் நின்றேன். மேரிசாந்தி கோட்டைச் சலவைக்குக் கொடுத்தது வீணாகக் கூடாதல்லவா? என் முறை வந்தபோது சந்திரவதனா கையை நீட்டி மறித்தாள்.

“கல்வீட்டு ஆக்கள் கடைசியிலை, அண்ணை.”

கடைசிவரைக்கும் நின்றேன். கடைசியாக ஒரு வான் வண்டி வந்தது. ஓலையைச் சுருட்டி, தடிகளைக் கட்டி, ஏற்றிக்கொண்டு போனார்கள். அந்தக் குடில் என்னுடையது. இன்னும் அவர்களிடம்தான் இருக்கிறது.