கண்ணாடிக் கடைக்குக் காவல்

"இன்னிக்கும் வந்துட்டானுங்க பாருங்க," என்றார் மாப்பிள்ளை, ஆளுயர நிலைக்கண்ணாடிக்குப் பின்னாலிருந்து கழுத்தை நீட்டி.

எதிர்க்கடைப் படியில் லோடுமேன்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் அவர்களுடைய மேஸ்திரி. அத்தனை பேர் பார்வையும் இந்தக் கண்ணாடிக் கடை மேல்தான் இருந்தது.

கடை மாமனாருடையது. அதனால் தெருவுக்கே அவர் மாப்பிள்ளை. கண் ஆபரேஷனுக்குக் கிளம்பும்போது, "நான் வர்ற வரைக்கும் ஒரு கண்ணாடி உடையாம பார்த்துக்கங்க மாப்பிள்ளை. அப்புறம் கடை உங்க பொறுப்பு," என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார் மாமனார். கல்யாணமான நாளாக மாப்பிள்ளை காத்திருந்த வார்த்தை அது. ஆனால் போன நேரம் சரியில்லை. சரக்கு இறக்க வெளியாட்களைக் கூட்டி வந்த கடைகளுக்கும் லோடுமேன்களுக்கும் தகராறு முற்றி, தெருவில் கல் பறக்க ஆரம்பித்திருந்தது.

"நம்ம சரக்கை எப்பவும் இவங்கதானே இறக்குறாங்க? நமக்கும் இவங்களுக்கும் ஒரு சண்டையும் இல்லையே தம்பி," என்றாள் பில் போடும் அக்கா.

"அதான் சந்தேகமே! சண்டை போட்ட கடையை எல்லாம் விட்டுட்டு இங்க எதுக்கு உட்காரணும்?"

மேஸ்திரி இவரைப் பார்த்துப் புன்னகைத்தார்.

"பார்த்தீங்களா, சிரிக்கிறான். காரணம் இல்லாம ஒருத்தன் சிரிப்பானாக்கா?"

சற்று நேரத்தில் மேஸ்திரி வாங்கி அனுப்பிய டீ வந்தது. மாப்பிள்ளை அதை மோந்து பார்த்தார், வாஷ்பேசினில் ஊற்றினார், நேரே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனார்.

"மிரட்டினாங்களா?" என்று கேட்டார் இன்ஸ்பெக்டர்.

"இல்ல சார், சிரிச்சாங்க."

"வேற?"

"டீ வாங்கிக் கொடுத்தாங்க சார்."

இன்ஸ்பெக்டர் அவரை ஏற இறங்கப் பார்த்தார். தெரு இருந்த இருப்பில் மறுக்கவும் முடியவில்லை. ஒரு ஏட்டையும் ஒரு கான்ஸ்டபிளையும் பாதுகாப்புக்கு அனுப்பினார்.

வாசலில் போலீஸ் நின்றதும் வாடிக்கையாளர்கள் தலைதெறிக்க ஓடினார்கள். கடையில் ரெய்டு என்று தெரு முழுக்கப் பேச்சு. போதாததற்கு, மதியம் பார்த்தால் ஏட்டு எதிர்ப்படியில் மேஸ்திரி பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருக்கிறார்.

"ஏட்டையாவையும் கைக்குள்ள போட்டுட்டானுங்க!" மாப்பிள்ளை கடையை விட்டு இறங்கினார். ஓடிப்போய், "சார், உள்ள வந்து காவல் இருங்க," என்று இரண்டு போலீசையும் கடைக்குள் இழுத்து வந்தார். உள்ளே வந்த ஏட்டு, கண்ணாடிக்குக் கண்ணாடி நின்று மீசையை முறுக்கிக்கொண்டிருந்தார்.

அந்த நேரம் பார்த்துச் சரக்கு லாரி வந்தது. லோடுமேன்கள் வழக்கம்போலத் துண்டை உதறிக்கொண்டு எழுந்தார்கள்.

"கிட்ட வந்தா கேஸ்தான்!" மாப்பிள்ளை அலறினார். ஏட்டு லத்தியை நீட்ட, அவர்கள் மறுபடி உட்கார்ந்தார்கள்.

"நான் போகணும். யாராவது இறக்குங்க," என்றார் லாரி டிரைவர்.

வேறு வழியில்லை. பெரிய பெல்ஜியம் கண்ணாடியின் ஒரு முனையை ஏட்டும் கான்ஸ்டபிளும் பிடிக்க, மறுமுனையைப் பிடித்துக்கொண்டு மாப்பிள்ளை பின்பக்கமாகவே கடைக்குள் நடந்தார்.

"தம்பி, பின்னாடி பாருங்க!" மேஸ்திரி கத்தினார்.

'நான் திரும்பணும், இவன் உள்ள புகுந்துடணும், அதானே?' மாப்பிள்ளை திரும்பவே இல்லை. இன்னும் வேகமாகப் பின்னால் போனார்.

நிலைக்கண்ணாடி வரிசையில் முதுகு இடித்தது. ஒன்று அடுத்ததன்மேல் சாய, அது அதற்கடுத்ததைத் தள்ள, கையிலிருந்ததும் நழுவ, கடையே கலகலத்துக் கொட்டியது. யாருக்கும் ஒரு கீறல்கூட இல்லை. ஆனால் முகம் பார்க்க ஒரு முழுக் கண்ணாடி மிஞ்சவில்லை.

மாப்பிள்ளை அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். அழுகை முட்டியது. "போச்சு... மாமா என்னை இனிமே வாசப்படி ஏத்த மாட்டாரு. எல்லாம் இவனுங்களாலதான். கேஸ் எழுதுங்க சார்!"

ஏட்டு தொப்பியைச் சரிசெய்துகொண்டு வெளியே வந்தார். "ஏன்யா, தெருவுல இத்தனை கடை இருக்கு. இந்தக் கடைக்கு முன்னாடியே நாள் பூரா உட்கார்ந்திருக்கீங்களே, எதுக்கு? சொல்லலைன்னா எல்லாரும் வண்டியில ஏறுங்க."

மேஸ்திரி தலையைச் சொறிந்தார்.

"பெரிய முதலாளிதாங்க ஆஸ்பத்திரிக்குப் போறப்ப சொல்லிட்டுப் போனாரு: 'தெருவுல கல் பறக்குது, எங்க மாப்பிள்ளை பயந்த சுபாவம், நான் வர்ற வரைக்கும் கடைக்குப் பாதுகாப்பா எதிர்ல உட்காருங்க, அவருக்கு மட்டும் தெரிய வேண்டாம், ரோஷப்படுவாரு'ன்னு."