டிவியில் வந்தது என் முதுகு

நான் டிவி தொடரில் நடித்திருக்கிறேன். முதுகால். சிரிக்கிறவர்கள் இப்போதே சிரித்துவிடுங்கள். இத்தனை வருடம் கழித்தும் எனக்கு இதில் ஆத்திரம்தான் வருகிறது.

எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். அதற்குப் பிறகு விட்டதெல்லாம் வேலைகள். ஓசூரில் ரோஜாப் பண்ணை, லாரி ஷெட், கடைசியாகப் போச்சம்பள்ளியில் ஒரு கம்பெனி. அங்கே சூப்பர்வைசர் என்னை எல்லோர் முன்னாலும் "டேய்" என்றான். கையுறையைக் கழற்றி அவன் மேசைமேல் வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். (ரோஷம். சோறு போடாத ரோஷம்.) என் மனைவி மாதேஸ்வரி அப்போது பிரசவத்துக்கு நாகரசம்பட்டியில் தாய்வீட்டில் இருந்தாள். போன் செய்தால், "ஷிப்ட்ல இருக்கறன்" என்று மட்டும் சொல்வேன். வேலையில்லாதவன் வீட்டுக்குப் பச்சைப் பிள்ளையை அனுப்ப மாட்டேன் என்று மாமியார் முன்பே சொல்லியிருந்தார்.

டீயும் பன்னுமாக ஓடிய அந்த நாட்களில்தான், ஓசூர் டீக்கடையில் ஒருவன் என் உயரத்தை மேலும் கீழும் பார்த்தான். பெங்களூரிலிருந்து தொடர் எடுக்க ஒரு கூட்டம் வந்திருந்தது. கதை இதுதான்: கல்யாணமான ஒருவன், கம்பெனி பஸ்ஸில் வரும் ஒரு பெண்ணின்மேல் பைத்தியமாகி, அவள் போகிற இடமெல்லாம் பின்னால் போய், கடைசியில் கத்தியை எடுக்கிறான். பின்னால் போகிற காட்சியெல்லாம் மாந்தோப்பில், உச்சி வெயிலில். ஹீரோவுக்கு வெயில் ஆகாது. என் முதுகுக்கு எல்லாம் ஆகும்.

டைரக்டர் என் சட்டையைப் பார்த்ததும் துள்ளினார். "இதே! பைத்தியக்காரன் சட்டை இதே!" உடனே கழற்றச் சொன்னார்கள். ஹீரோ அதைப் போட்டுக்கொண்டு நிழலில் முகத்தைக் காட்டினார். பிறகு நான் அதையே போட்டுக்கொண்டு வெயிலில் முதுகைக் காட்டினேன். நடுவில் பனியனோடு நின்றேன். "சார், என் சட்டை" என்றால், "சொல்ப அட்ஜஸ்ட் மாடி" என்றார்கள், கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கோ என்று. எனக்குச் சாப்பாடு தீர்ந்துபோனபோதும் அதே பதில்தான். கன்னடத்தில் நான் முதலில் வெறுத்த வார்த்தை அட்ஜஸ்ட். (அது கன்னடமே இல்லை என்று பிறகு ஒருவர் விளக்கினார். அவர்மேலும் கோபம் வந்தது.)

அந்தச் சட்டை என் மாமனார் கொடுத்தது. பொங்கலுக்குப் பொங்கல் அவர் காவேரிப்பட்டினம் போய், ஒரே கட்டுத் துணியை எடுத்து, வீட்டு ஆண்கள் அத்தனை பேருக்கும் அதிலேயே சட்டை தைத்துவிடுவார். அவருக்கு, மச்சான்கள் இருவருக்கு, எனக்கு. அந்த வருடம் கிளிப்பச்சை, அதில் மஞ்சள் கோடு. நாங்கள் வரிசையாக நின்றால் ஆடு கடிக்க வரும்.

ஆனி மாதத்துக் கடைசி நாள், மனைவியையும் குழந்தையையும் கூட்டிவரப் போனேன். மறுநாள் ஆடி. விட்டால் ஒரு மாதத்துக்கு அனுப்ப மாட்டார்கள். மரியாதைக்காக அதே பச்சைச் சட்டையில் போனேன். வாசலிலேயே மாமியாரின் குரல்.

"வாங்க மாப்ள. உங்க மாமன் லட்சணத்தப் பாருங்க! நேத்து டிவில எவளோ ஒருத்தி பின்னாடி தோப்புல போறாரு!"

மாமனார் மாட்டுக்கொட்டகை ஓரம் குத்துக்காலிட்டிருந்தார். "அடியே, அந்தாளு மூஞ்சி வேறடி!"

"போன்ல மூஞ்சிய மாத்தறாங்களே, அப்படி மாத்திக்கிட்ட. முதுகு உன்னுதுதான்யா. முப்பது வருசமா எண்ண தேச்ச முதுகு!"

பெரிய மச்சானின் மனைவி குறுக்கே வந்தாள். "இல்லீங்கத்த, அது உங்க பெரிய மவன். மாங்கா லோடுன்னு ரெண்டு நாளு போனாரே, இப்ப தெரியுது என்னா லோடுன்னு!"

வாயைத் திறந்தால் போச்சம்பள்ளிக் கதையும் சேர்ந்து வெளியே வரும். மூடிக்கொண்டேன்.

மாமியார் தீர்ப்பு சொன்னார். "எல்லாரும் அந்தச் சட்டையப் போடுங்க. கெணத்து வரைக்கும் நடங்க. எவனும் திரும்பக் கூடாது!"

நடந்தோம். நான்கு கிளிப்பச்சை. பக்கத்து வீட்டுக்காரர்கள் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார்கள். பின்னால் முதுகு முதுகாக ஆராய்ச்சி நடந்தது. கடைசியில் மாமியார் சொன்னார்: "பெரியவன்தான்டி. டிவில என்னா ஒரு நடை, என்னா ஒரு கம்பீரம்!"

அடுத்த வீட்டு அம்மாள் கேட்டாள்: "ஏன், உங்க மாப்ளயா இருக்கக் கூடாதா?"

"அவரா? கோழி திருடப் போறவராட்டம் நடக்கறாரு. அவர யாரு டிவில எடுப்பாங்க?"

அங்கேதான் நான் கெட்டேன். சாப்பாடு கொடுக்கவில்லை, பொறுத்தேன். பனியனோடு நிறுத்தினார்கள், பொறுத்தேன். நான் வெயிலில் வெந்து நடந்த நடையை மச்சானுக்குக் கொடுத்தார்கள் பாருங்கள்! திரும்பிக் கத்தினேன்:

"அது என் முதுகு! கம்பெனிய விட்டுட்டு, சோறில்லாம, அந்தத் தோப்புல நடந்தவன் நான்!"

மாமனார் நிம்மதியாக வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டார்.

"கம்பெனிய விட்டுட்டீங்களா?" என்றார் மாமியார்.

மாதேஸ்வரி குழந்தையோடு வெளியே வந்தாள். "எனக்கு நேத்தே தெரியும்மா. வேலைய விட்டுட்டு வந்து, வீட்ல சண்ட போட்டு எறங்கிப் போறப்ப இவரு இப்படித்தான் போவாரு. வாசல்ல நின்னு எத்தன தடவ பாத்திருக்கறன். மூஞ்சிய விட இவரு முதுகுதான் எனக்குப் பழக்கம்."

"தெரிஞ்சும் ஏன் சொல்லல?" என்றேன்.

"நீங்களா சொல்லுவீங்கன்னு பாத்தன். முதுகுக்குக் கோவம் வந்தாத்தான் சொல்லுவீங்கன்னு எனக்கென்ன தெரியும்?"

அன்று அவளை அனுப்பவில்லை. ஆடி முழுக்க நான் ஓசூரில் தனியாகப் பொங்கித் தின்றேன். வேறொரு கம்பெனியில் சேர்ந்து, அங்கேயும் ஒருவன் "டேய்" என்று கூப்பிட, பல்லைக் கடித்துக்கொண்டு நின்ற பிறகுதான் ஆவணியில் வந்தாள்.

மாமனார் இப்போது ஆளுக்கொரு நிறத்தில் சட்டை எடுக்கிறார். அந்தத் தொடரில் கடைசியாக ஓடிய பெயர்களில், டீ கொடுத்தவர் பெயர்கூட இருந்தது. என் பெயர் இல்லை. இன்றும் நான் வீட்டில் சண்டை போட்டுவிட்டு விருட்டென்று எழுந்து வாசலில் இறங்கினால், பள்ளிக்கூடம் போகும் என் மகள் உள்ளே பார்த்துக் கத்துகிறாள்: "அம்மா, சீரியல் ஆரம்பிச்சிருச்சு!"

அடுப்படியிலிருந்து பதில் வரும்: "மூஞ்சி வர்றப்ப கூப்புடு."