பூந்தமல்லியில் ஒரு ஜப்பான் நிபுணர்

வாசகரே, ஜப்பான் நிபுணர் என்றொரு ஜாதி இந்த நாலைந்து வருஷமாக நம் பக்கத்தில் பெருகியிருக்கிறது. ஆசாமி சென்ட்ரல் ஸ்டேஷனைத் தாண்டிக் கிழக்கே போயிருக்க மாட்டார். ஆனால் ஒசாகா நகரத்தில் எந்த ஆலை எந்தத் தெருவில் என்று கேளுங்கள், வழி சொல்லி அனுப்புவார்.

எங்கள் பரந்தாமனையே எடுத்துக்கொள்ளுங்களேன். 'ஜப்பானியப் பொருளாதாரமும் உலக வர்த்தகமும்' என்று பதினோரு வருஷமாக ஒரு புஸ்தகம் எழுதுகிறார். சீப்பு, பொம்மை, குடை, சைக்கிள் மணி, எது கையில் கிடைத்தாலும் கவிழ்த்து, மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, எங்கே செய்தது என்று பார்த்து, "யென் விலை வுழும்னு அப்பவே சொன்னேன்" என்று ஒருதரம் சொல்லாவிட்டால் அவருக்குச் சோறு இறங்காது. யாரிடம் சொன்னார்? அதை மட்டும் கேட்காதீர்கள்.

போன தை மாசம் அவருடைய தம்பி மகள் வசந்தாவைப் பெண் பார்க்கப் பட்டாபிராமிலிருந்து வந்தார்கள். பையன் மணவாளனைத் திருவிழாவில் பார்த்ததிலிருந்தே வசந்தாவுக்கு வேறு நினைப்பில்லை. சிக்கல், பையனின் அப்பா ராஜசேகரன். கதர் பக்தர். அந்நியத் துணி ஒரு முழம் கண்ணில் பட்டாலும் சம்பந்தம் கிடையாது என்று சொல்லியனுப்பியிருந்தார். வசந்தாவின் அம்மா வரலட்சுமி, வீட்டிலிருந்த சீமைத் துணியையெல்லாம் அடுத்த வீட்டுக்குக் கடத்திவிட்டுப் பரந்தாமனிடம் வந்து கெஞ்சினாள்.

"மாமா, உங்களுக்குப் புண்ணியமா போவும். இன்னிக்கு ஒரு நாளு ஜப்பானைப் பத்தி வாயத் தொறக்காதீங்க."

"நான் இன்னாத்துக்கும்மா பேசப்போறேன்?"

நன்றாகத்தான் இருந்தார், பஜ்ஜி வரும்வரை. கை துடைக்க ராஜசேகரன் தோள் துண்டை எடுத்தார். அதன் நுனி பரந்தாமன் விரலில் பட்டது. அவ்வளவுதான்! பிடித்துக்கொண்டார். தேய்த்தார், வெளிச்சத்தில் காட்டினார், முகர்ந்துகூடப் பார்த்தார். முகம் மலர்ந்துவிட்டது.

"சம்பந்தி! இது கதரே இல்ல, சாட்சாத் ஜப்பான் சரக்கு! கைராட்டை நூலு மாதிரியே மிஷின்ல நூத்து அனுப்புறான் பாருங்க, கில்லாடி! நாலு வருஷமா இதைத்தான் தேடிகினு கீறேன். ஒரு துண்டு கத்தரிச்சுக்கட்டுமா?"

அடப்பாவி மனுஷா! பாராட்டுகிறாராம்! ராஜசேகரனுக்கு முகம் சுண்டிப்போயிற்று. "எழுந்திரிடா மணவாளா" என்று கிளம்பிவிட்டார். உள்ளே வசந்தா அழுத அழுகையை என்னால் எழுத முடியாது. பரந்தாமன் கூடத்தில் உட்கார்ந்து குறிப்பெடுத்துக்கொண்டிருந்தார்.

எட்டாம் நாள் பட்டாபிராமிலிருந்து கடிதம் வந்தது. பரந்தாமன்தான் வாங்கினார். பிரித்தார், ஜன்னலோரம் தூக்கிப் பிடித்தார்.

"காயிதத்தைப் பாரும்மா, நயம் ஜப்பான்!"

"அய்யோ பெரிப்பா, இன்னா எழுதிகீதுன்னு பாருங்களேன்!" என்று வசந்தா பிடுங்கிக்கொண்டாள்.

மணவாளன் கையெழுத்து. துண்டு விற்ற வியாபாரியோடு நாலு நாள் மல்லுக்கு நின்று, அது ஜப்பான் சரக்குதான் என்று தெரிந்து ஓய்ந்த அப்பா, இனி யார் வீட்டுத் துணியையும் சோதிப்பதில்லை என்று சொல்லிவிட்டாராம்; வைகாசியில் முகூர்த்தம் பார்க்கச் சொன்னாராம். வசந்தா கடிதத்தோடு சமையலறைக்கு ஓடினாள். "கசக்கிடாதே, கசக்கிடாதே!" என்று பரந்தாமன் பின்னாலேயே ஓடினார்.

சிரிக்கிறீர்களா? தாராளமாகச் சிரியுங்கள். கல்யாணம் நிச்சயமாயிற்றே என்று மனசு குளிர்ந்தவர்களைப் பற்றி எனக்குக் கவலையில்லை. ஆனால், அந்தத் துணி கெஜம் என்ன விலை, எந்தத் துறைமுகம் வழியாக வந்தது என்பதை இந்தக் கதைக்காரன் எழுதாமல் விட்டுவிட்டானே என்று உங்களில் யாருக்காவது அரிக்கிறதா? ஐயா, உங்கள் வீட்டில் கல்யாண வயசில் பெண் இருந்தால், பிள்ளை வீட்டார் வரும் நாளன்று நீங்கள் வெளியூர் போய்விடுங்கள்.