நடக்காத மூன்று கோல்கள்

பந்து கோட்டைத் தாண்டி வலைக்குள் போனால் அது கோல் என்று உலகம் நினைத்துக்கொண்டிருக்கிறது. சுத்த அறியாமை. லீக் அலுவலகம் பெரிய மனது பண்ணி ஒப்புக்கொள்கிற வரை அது வெறும் உதைதான்.

சும்மா சொல்லவில்லை. கிரிம்பிள்டன் கால்பந்துக் கழகத்துக்குப் பதினெட்டு வருஷமாக நான்தான் செயலாளர். கடிதம் எழுதுவது, மைதானக் கோடுகளுக்குச் சுண்ணாம்பு அடிப்பது, இடைவேளையில் டீ ஊற்றுவது எல்லாம் சேர்ந்ததுதான் அந்தப் பதவி.

எங்கள் முன்வரிசை ஆட்டக்காரன் நாரிஸ் டங்க்லி. வாரம் முழுக்க ஊரார் வீட்டுச் சாக்கடை அடைப்பை எடுப்பான். சனிக்கிழமை மூன்று மணிக்கு எங்களுக்காக உதைப்பான். வயது முப்பத்தெட்டு. இருநூறு கோல் அடித்தால் மைதானத்துத் தகரக் கொட்டகைக்கு அவன் பேரை வைப்பதாகக் கமிட்டி தீர்மானம் போட்டிருந்தது. அந்தப் பெயர்ப் பலகைக்காகவே வலது முழங்காலைத் தேய்த்துக்கொண்டிருந்தான், பாவி.

மார்ச் மாதம் ஹாக்ஸ்பி அணியோடு ஆட்டம். நூற்றுத் தொண்ணூற்றேழில் இருந்தவன் அன்றைக்கு மூன்று அடித்தான். நாங்கள் எட்டுக்கு மூன்று என்று தோற்றோம், அது வேறு விஷயம். இருநூறாவது பந்து உள்ளே போனதும் பயல் சட்டையைக் கழற்றிச் சுழற்றி எறிந்தான். சேற்றில் ஊறின சட்டை நடுவர் முகத்தில் சப்பென்று போய் ஒட்டிக்கொண்டது. சிவப்பு அட்டை, மூன்று ஆட்டங்களுக்குத் தடை. குதித்த குதியில் முழங்காலும் போயிற்று. இனிமேல் பந்தையே தொடக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். போனால் போகிறது, இருநூறு ஆயிற்றே! பலகைக்குப் பெயிண்ட் அடித்தோம்.

பெயிண்ட் காய்வதற்குள் ஹாக்ஸ்பி அணி கலைந்துவிட்டது. அதன் தலைவர் கம்பளக் கடையை மூடிவிட்டு ஸ்பெயினுக்குப் போய்விட்டாராம். லீக் பதிவாளர் ஆப்ளெயார்டிடமிருந்து கடிதம் வந்தது: "மேற்படி அணி விலகியமையால், அவ்வணி இப்பருவத்தில் ஆடிய ஆட்டங்கள் யாவும் நடைபெறாதவையாகக் கருதப்படும்."

நாரிஸ் மறுபடி நூற்றுத் தொண்ணூற்றேழு. அடிக்கக் காலும் இல்லை. ஆப்ளெயார்டுக்குப் போன் போட்டேன்.

"கோல் நடக்கலேன்னா, சிவப்பு அட்டையும் நடக்கலைதானே ஐயா?"

"ஒழுங்கு நடவடிக்கை வேற புத்தகங்க. அது நிக்கும்."

"நடக்காத மேட்ச்சுல எப்படிய்யா சட்டையைக் கழட்டி எறிவான்?"

அவர் ஏதோ காகிதத்தைப் புரட்டுகிற சத்தம் கேட்டது. "நல்லவேளை ஞாபகப்படுத்துனீங்க. கோல் அடிச்ச சந்தோஷத்துல எறிஞ்சார்னு தண்டனையைக் குறைச்சிருந்தோம். கோலே இல்லேன்னா, காரணமே இல்லாமத்தானே எறிஞ்சிருக்கார்! தடை ஆறு ஆட்டம்."

விடுவோமா? மேல்முறையீடு செய்தோம். மே மாதம் விசாரணை. கமிட்டி எட்டுப் பேரும் டை கட்டிக்கொண்டு போனோம். நாரிஸ் கல்யாணக் கோட்டில் வந்தான். பொத்தான் போட முடியவில்லை. கூடவே அவன் மனைவி வின்னி. எதிரே மூன்று பெரியவர்கள், ஒரு தட்டு பிஸ்கட், ஓரத்தில் ஆப்ளெயார்ட்.

"அன்று மாலை மூன்று மணிக்கு எங்கே இருந்தீர்கள்?" என்று ஒரு பெரியவர் நாரிஸைக் கேட்டார்.

"மைதானத்துல சார்."

"ஆட்டமே இல்லாத மைதானத்தில், அரை டிராயரோடு?"

நாரிஸ் கால்சட்டையைச் சுருட்டி முழங்காலை மேஜைமேல் வைத்தான். நடுவில் இருந்த பெரியவர் ஒரு காலத்தில் கோல்கீப்பராம். பிஸ்கட்டைக் கீழே வைத்துவிட்டார்.

"இப்படி ஒரு முழங்கால் நடக்காத ஆட்டத்தில் வராது. ஆட்டம் நடந்தது. கோல்கள் செல்லும்."

நாரிஸ் அழுதுவிட்டான். எங்கள் தலைவர் கசாப்புக்கடை செட்ரிக் அவனைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். நானும் அழுதேன், அதில் என்ன வெட்கம்.

ஆப்ளெயார்ட் தொண்டையைக் கனைத்தார். "அப்படியானா ஹாக்ஸ்பி ஆடின எல்லா ஆட்டமும் நடந்ததாகுது. அவங்களை ஜெயிச்ச அணிகளுக்கெல்லாம் புள்ளி திரும்பக் கிடைக்கும். அவங்ககிட்ட ரெண்டு தடவையும் தோத்த ஒரே அணி கிரிம்பிள்டன்தான். நீங்க கடைசி இடத்துக்குப் போய், கீழ்ப் பிரிவுக்கு இறங்கிடுவீங்க."

செட்ரிக் நாரிஸை மெதுவாக விட்டார்.

"ஐயா, அன்னைக்கு நான் அந்த மைதானத்துப் பக்கமே போகல. மேட்ச்சா? என்ன மேட்ச்?" என்றார் செட்ரிக்.

"நானும் போகலீங்க," என்றார் பொருளாளர். ஒவ்வொருவராக எழுந்தார்கள். என் முறை வந்தது. அன்றைக்குத் தொண்ணூற்றுநாலு டீ ஊற்றினவன் நான். ஒரு டீகூட ஊற்றவில்லை என்று சொன்னேன். எட்டுப் பேரும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தோம். தீர்ப்பு மாறியது.

நாரிஸ் எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தான். "யோவ், நீங்கள்லாம் மனுஷங்களாய்யா?" என்று மட்டும் கேட்டான்.

வின்னிதான் எழுந்தாள். "ஐயா, அந்தக் காகிதத்துல எனக்கு எட்டு நகல் வேணும்."

"எதுக்கும்மா?" என்றார் செட்ரிக்.

"மேட்ச்சுக்குப் போறோம்னு பன்னண்டு மணிக்கே வீட்டை விட்டுக் கிளம்புனீங்களே எட்டுப் பேரும். மேட்ச்சே இல்லையாமே! அப்ப எங்க போயிருந்தீங்கன்னு உங்க வீட்டுப் பொம்பளைங்க தெரிஞ்சுக்க வேண்டாமா?"

நாங்கள் பஸ் பிடித்து ஊர் வந்து சேர்வதற்குள் எட்டு வீட்டிலும் கொடுத்துவிட்டாள் மகராசி. என் மனைவி எடித் வாசலிலேயே நின்று அதை இரண்டு தடவை படித்தாள்.

"அந்த மேட்ச் நடந்துச்சு எடித். சத்தியமா நடந்துச்சு," என்றேன்.

"அப்படின்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க," என்றாள்.