அணைக்கக் கூடாத பெட்டி

பிளக்கைப் பிடுங்கிய பிறகுதான் மாப்பிள்ளைக்கு உறைத்தது, அது டேபிள் ஃபேன் பிளக் இல்லையென்று.

டி.வி.க்குக் கீழே பழைய வீடியோ கேம் பெட்டி. அதில் எட்டு மாதமாக அணைந்ததே இல்லையென்று மாமனார் பெருமையடித்த சிவப்பு விளக்கு செத்துக் கிடந்தது. பதறிப்போய் மறுபடி செருகி டி.வி.யைப் போட்டான். மாமனாரின் சாதனையான 48,720 இருந்த இடத்தில் ஒரு முட்டை.

காதல் கல்யாணம் முடிந்து மூன்று வருஷம் கழித்து, முந்தாநாள்தான் இந்த வீட்டுக் கதவு அவனுக்குத் திறந்தது. மாமனார் போட்ட நிபந்தனை ஒன்றே ஒன்று. "அந்தப் பெட்டி அணைஞ்சா, நீங்க வந்த வழியே கிளம்பிடணும்."

முடிவெட்டப் போன மனிதர் ஐந்து மணிக்கு வந்துவிடுவார். இப்போது மூன்றரை.

ரேடியோ ரிப்பேர் செய்யும் நண்பனுக்கு போன் பறந்தது. அவன் சால்டரிங் அயர்னோடு வந்து பெட்டியைப் பிளந்தான்.

"மச்சான், இது மலிவு விலை எட்டு பிட் சிப்புடா. வீட்டுக்கு வீடு விக்கணும்னு செலவைச் சுருக்கிட்டாங்க. கணக்கு போடும், ஆனா எதையும் எழுதி வெச்சுக்க இடமில்ல. கரண்ட் போச்சுன்னா பிறந்த குழந்தை."

"அப்போ அந்த ஸ்கோரு?"

"நீதான் ஆடி எடுக்கணும்."

ஆடினான். முந்நூற்று இருபதில் விண்கலம் வெடித்தது. அடுத்த தடவை இருநூறு.

"சிப்புக்குத் தாளம் போடுற கிரிஸ்டலை மாத்திடுறேன்" என்றான் நண்பன். "எதிரியெல்லாம் ஆமையாயிடுவான்."

ஆனார்கள். கூடவே இவன் விண்கலமும் ஆமையானது. குண்டு போட பட்டனை அழுத்திவிட்டுத் தண்ணீர் குடித்து வரலாம். அரை மணி நேரத்தில் நூற்றுப்பத்து.

"பழையதையே போட்டுத் தொலைடா!"

"கழட்டுறப்போ அதோட கம்பிக் கால் ஒடிஞ்சிடுச்சு மச்சான்."

பையில் மிச்சமிருந்தது வேகமான கிரிஸ்டல் ஒன்றுதான். அதைப் போட்டதும் படம் நடுங்கியது, இசை எலிபோல் கீச்சிட்டது, எதிரிகள் ஈசல் மாதிரி பொழிந்தார்கள். மூன்றே நொடியில் ஆட்டம் காலி.

"கடையைத் திறந்து போட்டுட்டு வந்துட்டேன்டா" என்று நண்பன் நழுவினான்.

மணி நாலே முக்கால். மாப்பிள்ளை பெட்டியை மூடிவிட்டு, தன் சூட்கேஸைத் திறந்து சட்டைகளை அடுக்கத் தொடங்கினான்.

பின்னறையில் ஓடிக்கொண்டிருந்த தையல் மிஷின் நின்றது. வந்த நாளிலிருந்து பத்து வார்த்தை பேசாத மாமியார் கூடத்துக்கு வந்தார். திரையைப் பார்த்தார், சூட்கேஸைப் பார்த்தார். புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு தரையில் சப்பணமிட்டு உட்கார்ந்தார்.

"அத்தை, மாமாவோட ஸ்கோரு... நான்தான் தெரியாம..."

"வேகமா ஓடுதா? நல்லதாப் போச்சு, சீக்கிரம் முடியும்." அவர் விரல்கள் பட்டனில் பறந்தன. எண்ணிக்கை ஆயிரம் ஆயிரமாக ஏறியது.

மாப்பிள்ளை வாயைப் பிளந்தான்.

"மூடுங்க மாப்பிள்ளை" என்றார் மாமியார், திரையிலிருந்து கண்ணெடுக்காமல். "தைச்ச துணிக்கு இஸ்திரி போட பிளக் வேணும்னு எட்டு மாசமா தினமும் இதைப் பிடுங்கிட்டு, அவர் வர்றதுக்குள்ள அந்த நம்பரை நான்தானே ஆடி வெக்கிறேன்!"