பூவரசி மகனின் முழுப்பெயர்

ஒரு காட்டில் கருணாகரன் என்றொரு புலி அரசாண்டு வந்தது. வயதாகி முழங்கால் பிடித்துக்கொண்ட பிறகு அதனால் ஓடிப்போய் இரை பிடிக்க முடியவில்லை. ஆகவே குகையை அலுவலகமாக மாற்றிவிட்டது. வாசலில் வரிசைக்குக் கயிறு, கிளையில் மைக், மைக்குக்குப் பின்னால் எழுத்தராக ஏகாம்பரம் என்கிற இருவாச்சிப் பறவை. காட்டிலுள்ள எல்லோர் பெயரும் ஏகாம்பரத்துக்கு மனப்பாடம். அது யார் பெயரைக் கூப்பிடுகிறதோ அவர் கயிற்றைத் தாண்டி உள்ளே போக வேண்டும். வெளியே வருவது பற்றி விதிகளில் எதுவும் இல்லை. கூப்பிட்டும் வராதவரின் குடும்பத்தையே சேர்த்துக் கூப்பிடுவார்கள் என்பதால் எல்லோரும் ஒழுங்காக வந்து நின்றார்கள்.

கருணாகரன் தன்னை நாகரிகமான புலி என்று நினைத்திருந்தது. யாரென்றே தெரியாமல் ஒருவரைச் சாப்பிடுவது காட்டுமிராண்டித்தனம் என்பது அதன் கொள்கை. எனவே உள்ளே வருகிறவரின் பெயரை ஏகாம்பரம் முழுதாகச் சொல்லி, அதன் பொருளையும் விளக்கி முடித்த பிறகுதான் புலி வாய் வைக்கும். நாளடைவில் புலிக்குப் பெயர்களில் ஒரு ருசியே வந்துவிட்டது.

அந்தக் காட்டில் பூவரசி என்ற புள்ளிமான் இருந்தது. அதன் முதல் குட்டிக்குக் கனியமுதன் என்று பெயர். இரண்டாவதற்குத் தேன்மொழி. இரண்டையும் பல நாள் யோசித்து, வாயில் சொல்லிச் சொல்லிப் பார்த்து, ஆசையாக வைத்திருந்தது. இரண்டு தடவையும் ஏகாம்பரம் மைக்கில் பொருள் சொன்னபோது உள்ளே புலி நாக்கைச் சப்புக்கொட்டுகிற சத்தம் கயிற்றுக்கு இந்தப் பக்கம் நின்ற பூவரசிக்குக் கேட்டது.

மூன்றாவது, ஆண்குட்டி. அது பிறந்த சமயம் வடக்கேயிருந்து வாத்துகள் ஏரிக்கு வலசை வந்திருந்தன. அவற்றில் சரண் என்ற பெண்வாத்து பல ஏரிகளில் தங்கி, பல தேசத்துப் பறவைகளோடு பழகியது. பெயரைக் கேட்டு அடைக்கலம் தேடி வருகிறவர்களிடம், தன் ஊரில் அந்தச் சொல்லுக்கு நிலா என்றுதான் பொருள் என்று பொறுமையாகச் சொல்லும். பூவரசி அதனிடம் போய், இந்தத் தடவை அழகான பெயர் வேண்டாம், பிழைக்கிற பெயராக ஒன்று வேண்டும் என்று கேட்டது.

சரண் சற்று யோசித்தது. தன் ஊர்ப் புல்வெளியில் பிள்ளைகளைப் பறிகொடுத்த மனிதர்கள் அடுத்த பிள்ளைக்கு ‘இவனில்லை’ என்று பெயர் வைப்பதுண்டு என்றது. தேடி வருகிற சாவு பெயரைக் கேட்டுக் குழம்பித் திரும்பிப் போய்விடும் என்று ஒரு நம்பிக்கை. உங்கள் பக்கத்து மனிதர்களும் அதே பயத்தில்தானே குப்பை என்றும் பிச்சை என்றும் வைக்கிறார்கள் என்றும் சொன்னது.

பூவரசி தன் மகனுக்கு இவனில்லை என்றே வைத்தது. ஏகாம்பரம் அலகைச் சுளித்தது. ஆனால் தடுக்க விதி இல்லை.

குட்டியின் முறை வந்தது. ஏகாம்பரம் மைக்கில், “இவனில்லை” என்றது.

“பிறகு யார்?” என்று உள்ளேயிருந்து புலி கேட்டது.

“இவனில்லை, ஐயா.”

“அதுதான் சொல்லிவிட்டாயே. இவனில்லை என்றால் அடுத்தவனை அனுப்பு.”

அடுத்து நின்றது மதுரன் என்ற முயல். அது உள்ளே போனது. பூவரசி மகனைக் கூட்டிக்கொண்டு வீடு திரும்பியது. வழியில்தான் மதுரனின் வளை. பூவரசி அன்று ஓடையைச் சுற்றிக்கொண்டு போனது.

செய்தி பரவியது. காட்டுப்பன்றி குப்பை ஆனது. குரங்கு ‘நாளைக்கு வா’ என்று வைத்துக்கொண்டது. அணில் ‘யாருமில்லை’. ஏகாம்பரம் நாளைக்கு வா என்று கூப்பிட்டால் புலி இன்று விடுமுறை போலிருக்கிறது என்று புரண்டு படுத்தது. குப்பை என்றால் வெளியே கூட்டித் தள்ளச் சொன்னது. யாருமில்லை என்று கேட்டபோது சரி என்றது. அதன் விலா எலும்பு தெரிய ஆரம்பித்த பிறகுதான் விஷயம் புரிந்தது.

உடனே ஆணை வந்தது. மறுப்பதும் தள்ளிப்போடுவதும் அருவருப்பதுமான பெயர்கள் செல்லாது. எல்லோருக்கும் மங்களகரமான முழுப்பெயர் இருக்க வேண்டும். இதையெல்லாம் ஆரம்பித்து வைத்த மான்குட்டியை வருகிற திங்கட்கிழமை முதலில் கூப்பிடுவார்கள்.

பூவரசி ஏரிக்கு ஓடியது. வாத்துகள் ஊர் திரும்பக் கிளம்பிக்கொண்டிருந்தன. பெயரால் யாரும் சாகாமல் இருந்ததில்லை என்று சரண் வருத்தத்தோடு சொன்னது. ஆனாலும் கேட்டதற்காகத் தனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னது. பாலைவன நாடுகளில் தகப்பன், பாட்டன், பூட்டன் என்று வரிசையாகச் சேர்த்துக்கொள்கிறவர்கள் உண்டு. வேறு சில நாடுகளில் அப்பா வழிப் பெயரும் அம்மா வழிப் பெயரும் இரண்டுமே கூட வரும். பிறந்த கிழமையையே பெயராக வைக்கிறவர்களும் இருக்கிறார்கள். சிலர் ஊர்ப் பெயரை முன்னால் போடுவார்கள்.

“இதுல எது நல்லது, அக்கா?” என்று பூவரசி கேட்டது.

“எல்லாம் நல்லதுதான். அவங்கவங்களுக்கு அவங்கவங்க வழக்கம்.”

“அப்ப எல்லாத்தையும் சேர்த்துக் குடுங்க.”

சரண் அதை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தது. பிறகு கூட்டத்தை முன்னால் போகச் சொல்லிவிட்டு உட்கார்ந்துகொண்டது.

திங்கட்கிழமை ஏகாம்பரம் தொண்டையைச் செருமிக்கொண்டு ஆரம்பித்தது. பூவரசி சொல்லிக்கொடுத்ததை ஓர் எழுத்து விடாமல் பாடம் பண்ணியிருந்தது. கடமையில் குறை சொல்ல முடியாத பறவை.

“நாணற்கரை, அதாவது நாணல் வளர்ந்த கரை, புதன், அதாவது அறிவுக்குரிய கிழமை, கொம்பன் மகன், அதாவது கொம்புடையவனின் பிள்ளை, அந்தக் கொம்பன் யாரென்றால் மருதக்காளையின் மகன், மருதம் என்பது ஒரு மரம்...”

புலி முதலில் ரசித்துத்தான் கேட்டது. உச்சிவெயிலில் தகப்பன் வழி முடிந்து தாய் வழி ஆரம்பித்தது. ஏகாம்பரத்துக்குச் சாப்பாட்டு இடைவேளை உண்டு. அது போய் நிதானமாக அத்திப்பழம் தின்றுவிட்டு வந்தது. மான்குட்டி நின்றபடியே தூங்கிவிட்டது. பூவரசி தூங்கவில்லை, தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. ஏகாம்பரம் மூச்சு வாங்கிய ஒவ்வொரு தடவையும் இதோடு முடிந்துவிட்டதோ என்று அது மகனை ஒட்டி நின்றுகொண்டது. ஐந்து மணிக்கு மைக்கை அணைத்தபோது அம்மாயியின் தாய்மாமன் வரைதான் வந்திருந்தார்கள். ஐந்து மணிக்கு மேல் அலுவலகம் கிடையாது. விட்ட இடத்தில் தொடரவும் வழியில்லை, ஒருவர் பெயரை ஒரே நாளில் சொல்லி முடிக்க வேண்டும் என்பது விதி. மறுநாள் மறுபடியும் நாணற்கரையிலிருந்து தொடங்கியது.

இப்படியே அந்த வாரம் போனது. விதியை மீறினால் தானும் சாதாரணப் புலியாகிவிடுவோமே என்று கருணாகரனுக்குக் கூச்சம். பசியில் கண் இருட்டியபோது அது தன் எழுத்தரைப் பக்கத்தில் கூப்பிட்டது.

“உன் பெயர் என்ன?”

“ஏகாம்பரம், ஐயா.”

“அவ்வளவுதானா?”

“அவ்வளவுதான்.”

“பொருள்?”

இத்தனை வருடத்தில் ஏகாம்பரத்திடம் யாரும் அதைக் கேட்டதில்லை. அது நெஞ்சை நிமிர்த்திக்கொண்டது. “ஒற்றை ஆடை என்று சிலர் சொல்வார்கள், ஐயா. எனக்கு அதில் உடன்பாடில்லை. ஏகம் என்றால் ஒன்று, ஆம்ரம் என்றால் மாமரம். ஒற்றை மாமரம் என்பதே பொருத்தம்.”

“மரத்தில் மாம்பழம் உண்டா?”

“தாராளமாக.”

அன்று அலுவலகம் சீக்கிரம் மூடியது.

எழுத்தர் வேலை காலியானது. இவ்வளவு நீளமான பெயரைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் தடங்கலில்லாமல் சொல்லக்கூடியது காட்டிலேயே பூவரசியின் மகன் ஒன்றுதான் என்பதால் வேலை அதற்கே கிடைத்தது. மற்ற விலங்குகள் நீளப்பெயர் தேடி ஏரிக்கு ஓடின. வாத்துகள் போய் நாளாகியிருந்தது. இருந்தும் பன்றி தானாகவே ஏழு தலைமுறையைக் கோர்த்துக்கொண்டு வந்து வரிசையில் நின்றது.

புதிய எழுத்தர் மைக்கைத் தட்டிப் பார்த்தது. பிறகு, வேலை தேங்குவதைத் தவிர்க்க இன்று முதல் யார் பெயரும் மூன்று எழுத்துக்கு மேல் போகக் கூடாது, எழுத்தருக்கு மட்டும் விலக்கு என்று அறிவித்தது. அன்று ஒரே காலையில் ஐந்து பேர் உள்ளே போனார்கள். பூவரசி தூரத்தில் நின்று பார்த்தது. குரல் எவ்வளவு கணீரென்று இருக்கிறது என்று பக்கத்தில் நின்ற மதுரனின் மனைவியிடம் சொன்னது.

நீதி: பிள்ளைக்குப் பெயர் வைக்கும்போது அர்த்தம் பார்க்காதீர்கள், அலுவலகம் எத்தனை மணிக்கு மூடும் என்று பாருங்கள்.