பறக்கும் தட்டுக்குக் கற்பூரம்

படம் தொடங்கிப் பத்து நிமிஷம்கூட ஆகவில்லை, பொன்னுரங்கத்தின் மனைவி காவேரி எழுந்துவிட்டாள்.

"சாப்பாட்டுத் தட்டைக் கயித்துல கட்டி ஆட்டிக்கினு கீறான். இதைப் போய் உக்காந்து பாக்கணுமா?"

கயிறு பொன்னுரங்கத்துக்கும் தெரிந்தது. அதைப் பார்த்துப் படத்தில் வரும் ஜனங்கள் நிஜமாகவே நடுங்குகிறார்களே, அதுதான் அவருக்குப் பிடித்தது. ரிட்டயரான லிஃப்ட் மெக்கானிக். இணையக் காப்பகங்களில் தேடித் தேடி நாற்பது பழைய விண்வெளிப் படங்களைத் தனியாகவே பார்த்துத் தீர்த்தவர். பக்கத்தில் உட்கார்ந்து 'ஐயோ' என்று சொல்ல ஓர் ஆள் கிடைக்காதா என்று ஏங்கிப்போயிருந்தார், பாவம்.

வாயில் வந்ததைச் சொல்லிவிட்டார்.

"துறைமுகத்துல ஜனம் ஓடுற சீன் ஒண்ணு வருது. அதுல ஒருத்தரு அசப்புல உங்க நைனா மாதிரியே கீறாரு."

காவேரி சட்டென்று உட்கார்ந்தாள். அவள் கைக்குழந்தையாக இருந்தபோது அவள் அப்பா இரண்டு வருஷம் வெளிநாட்டுக் கப்பலில் இருந்தார். திரும்பி வந்த கொஞ்ச நாளில் செத்துப்போனார். வீட்டில் ஒரே ஒரு போட்டோதான் மிச்சம்.

"எந்த வருஷத்துப் படம் இது?"

சொன்னார். வருஷமும் ஒத்துப்போய்த் தொலைத்தது.

"அப்போ நைனாவேதான்!" என்று அண்ணனுக்குப் போன் போட்டாள்.

"மூஞ்சி சரியாத் தெரியாது, காவேரி..." என்று பொன்னுரங்கம் பின்வாங்கியது எடுபடவில்லை. அரை மணி நேரத்தில் திருவான்மியூரிலிருந்து அண்ணன் செம்பியன், அம்மா தாயம்மாவை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டான்.

"எங்க, மச்சான்? காட்டு!"

வேறு வழியில்லை. ஓடுகிற கூட்டத்தில் மீசை வைத்த ஒருவர்மேல் விரலை வைத்தார். படத்தை அங்கேயே நிறுத்தினார்கள்.

"அந்த நெத்தியைப் பாரு, காவேரி!" செம்பியன் தேம்பித் தேம்பி அழுதான்.

காவேரி கற்பூரத் தட்டோடு வந்தாள். மாமனாருக்குக் காட்டிய ஆரத்தியில் பாதி, பின்னால் தொங்கிய பறக்கும் தட்டுக்கும் போய்ச் சேர்ந்தது.

அப்புறம் படம் முழுவதையும் எல்லாரும் கண்கொட்டாமல் பார்த்தார்கள். காவேரி இரண்டு தடவை 'ஐயோ' என்றாள். ஏங்கியது கிடைத்தும் பொன்னுரங்கத்துக்கு நெஞ்சு குறுகுறுத்தது.

"நாளைக்கே பெருசா பிரேம் போட்டு, சொந்தக்காரங்க எல்லாரையும் கூப்புடலாம்" என்றான் செம்பியன்.

அதற்கு மேல் தாங்கவில்லை. தண்ணீர் குடிக்கச் சமையலறைக்குப் போன மாமியார் பின்னாலேயே போனார்.

"மன்னிச்சிக்க அத்த. அது மாமா இல்ல. இவ என் பக்கத்துல உக்காரணும்னு பொய் சொல்லிட்டேன்."

தாயம்மா கூடத்தை ஒரு தடவை எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"சும்மா இரு மாப்ள. கப்பலுக்குப் போனாருன்னு புள்ளைங்ககிட்ட சொன்னதே நான்தான். அந்த ரெண்டு வருசமும் அந்தாளு ஜெயில்ல இருந்தாரு."